பென்டிரைவில் இருக்கிறது, டிவியில் வரவில்லையே?

வாசகர் கேள்வி – பதில்

2000 மார்ச்சில் ஜப்பானில் வெளிவந்து, 2013 தொடக்கத்தில் உற்பத்தி நின்றுபோன பிளேஸ்டேஷன் 2 (பிஎஸ்2) கேம் மெஷின் பற்றித்தான் இம்முறை அத்தனை கடிதங்களும். எல்லாரும் சொல்வது ஏறக்குறைய ஒன்றே: லென்ஸ் போய்விட்டது, மெமரி கார்டில் ஃப்ரீ எம்சிபூட் போட்டாயிற்று, ஓபிஎல் திறக்கிறது, கேம் மட்டும் ஓடவில்லை. ஃப்ரீ எம்சிபூட் என்பது மெமரி கார்டிலிருந்தே இப்படிப்பட்ட மென்பொருளைத் திறக்க வழிசெய்யும் நிரல். ஓபிஎல் என்பது ஓப்பன் பிஎஸ்2 லோடர். டிஸ்க் இல்லாமல் பென்டிரைவ், நெட்வொர்க், ஹார்ட் டிஸ்க் இவற்றிலிருந்து கேமை ஓட்டும் இலவச மென்பொருள். வந்த புகார்களில் பெரும்பாலானவற்றுக்கு மெஷின் காரணமில்லை. ஃபைலை ஏற்றிய விதத்தில்தான் கோளாறு.

கும்பகோணத்திலிருந்து ஒரு வாசகர்: புது 64 ஜிபி பென்டிரைவில் ஆறு கேம் காப்பி செய்தேன். கம்ப்யூட்டரில் ஆறும் தெரிகின்றன, ஓபிஎல்லில் லிஸ்ட் காலியாக இருக்கிறது. கோளாறு பென்டிரைவிலா, பிஎஸ்2-விலா?

இரண்டிலும் இல்லை. 64 ஜிபியும் அதற்கு மேலும் உள்ள பென்டிரைவ்கள் பெரும்பாலும் எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மட் ஆகியே கடைக்கு வருகின்றன. ஓபிஎல்லின் பழைய பதிப்புகளுக்கு ஃபேட்32 மட்டும்தான் புரியும். 1.2 பீட்டா பதிப்புகள் எக்ஸ்ஃபேட்டையும் படிக்கும். கடைக்காரர் உங்கள் கார்டில் போட்டுக் கொடுத்தது எந்தப் பதிப்பு என்று ஓபிஎல்லின் மெனுவிலேயே பார்த்துக்கொள்ளலாம்.

விண்டோஸில் வலது கிளிக் செய்து ஃபார்மட் கொடுத்தால் 32 ஜிபிக்கு மேற்பட்ட டிரைவுக்கு ஃபேட்32 என்ற தேர்வே வராது. ரூஃபஸ் என்ற இலவசக் கருவியில் ‘நான் பூட்டபிள்’ தேர்ந்தெடுத்து, பார்ட்டிஷன் முறை எம்பிஆர், ஃபைல் முறை ஃபேட்32 என்று வைத்து ஃபார்மட் செய்யுங்கள். பிறகு டிரைவைத் திறந்ததும் தெரியும் முதல் இடத்திலேயே, ஆங்கிலப் பெரிய எழுத்தில் ‘டிவிடி’, ‘சிடி’ என்று இரண்டு ஃபோல்டர். வேறு ஃபோல்டருக்குள் இவற்றை ஒளித்து வைத்தால் ஓபிஎல் தேடிப் போகாது. அடிப்பக்கம் நீலமாக உள்ள டிஸ்கிலிருந்து எடுத்த ஐஎஸ்ஓ, அதாவது முழு டிஸ்கும் ஒரே ஃபைலாக எடுத்த நகல், ‘சிடி’க்குள், வெள்ளி நிற டிஸ்கிலிருந்து எடுத்தது ‘டிவிடி’க்குள்.

இன்னொன்றும் இருக்கிறது. ஃபேட்32-இல் ஒரு தனி ஃபைல் 4 ஜிபியைத் தொட முடியாது. ஒற்றை அடுக்கு டிவிடியே கணினிக் கணக்கில் 4.37 ஜிபி வரை போகும். அப்படிப்பட்ட கேமை யூஎஸ்பியூட்டில் என்ற கருவியால் 1 ஜிபி துண்டுகளாகப் பிரித்து ஏற்ற வேண்டும். பிரித்ததும் ‘யூஎல்’ என்று தொடங்கும் பெயரோடு நான்கைந்து ஃபைலும், ‘யூஎல்.சிஎஃப்ஜி’ என்ற சிறு ஃபைல் ஒன்றும் உருவாகும். இவை ‘டிவிடி’ ஃபோல்டருக்குள் போகக் கூடாது, வெளியே முதல் இடத்திலேயே இருக்க வேண்டும். அந்தப் பெயரை அழகுபடுத்தவும் கூடாது. புள்ளிக்கும் புள்ளிக்கும் நடுவே உள்ள எட்டு எழுத்து, கேமின் தலைப்பிலிருந்து கணக்கிட்டு எடுத்த எண். நீங்கள் கையால் பெயரை மாற்றினால் கணக்கு இடிக்கும், லிஸ்டில் பெயர் வந்தும் கேம் திறக்காது.

மன்னார்குடியிலிருந்து: ஒரு கேம் நன்றாக ஓடியது. இரண்டை அழித்துவிட்டு வேறு மூன்று ஏற்றினேன். இப்போது புதிதாக ஏற்றியவை திறக்கவில்லை. ‘ஃப்ராக்மென்டட்’ என்று ஏதோ வருகிறது.

இந்தப் பக்கத்துக்கு அதிகம் வரும் கேள்வி இதுதான், விரிவாகவே சொல்கிறோம்.

ஐந்து மா நிலம் ஒரே தாக்காக இருந்தால் ஒரு வாய்மடையைத் திறந்துவிட்டாலே முழுவதும் பாய்ந்துவிடும். அதே ஐந்து மா ஊரைச் சுற்றி ஐந்து இடத்தில் கிடந்தால் ஒவ்வொன்றுக்கும் தனியாக ஓட வேண்டும். பென்டிரைவில் ஃபைலும் அப்படித்தான் கிடக்கிறது. காலி டிரைவில் முதலில் எழுதிய ஃபைல் ஒரே தாக்காக அமையும். நடுவில் இரண்டை அழித்தால் அங்கங்கே பள்ளம் விழும். அடுத்து எழுதும் பெரிய ஃபைலைக் கம்ப்யூட்டர் அந்தப் பள்ளங்களில் துண்டு துண்டாக நிரப்பும். கம்ப்யூட்டருக்கு இதில் சிரமமில்லை, துண்டுகளைச் சேர்த்துப் படித்துவிடும். ஆனால் பிஎஸ்2-வின் முதன்மை நினைவகமே 32 எம்பி. கேம் ஓடும்போது அதில் ஓபிஎல்லுக்குக் கிடைக்கும் இடம் மிகக் கொஞ்சம். அதனால் பழைய பதிப்புகள் ஃபைல் தொடங்கும் இடத்தை மட்டும் குறித்துக்கொண்டு, மீதி அடுத்தடுத்து இருக்கும் என்று நம்பிப் படிக்கும். துண்டுபட்ட ஃபைலை அவை தொடக்கத்திலேயே மறுத்துவிடும். புதிய பதிப்புகள் ஓரளவு துண்டுகளைப் பொறுத்துக்கொள்ளும். எண்ணிக்கை கூடினால் அவையும் கைவிரிக்கும்.

மருந்து எளிது. டிரைவில் உள்ள எல்லாவற்றையும் கம்ப்யூட்டருக்கு எடுத்துவிட்டு ஃபார்மட் செய்யுங்கள். பெரிய கேமில் தொடங்கி ஒவ்வொன்றாகக் காப்பி செய்யுங்கள். ஒன்று முடிந்த பிறகே அடுத்தது. ஆறையும் ஒரே நேரத்தில் தனித்தனி ஜன்னலாக ஓட விட்டால் காலி டிரைவிலும் அவை ஒன்றோடொன்று கலந்துதான் விழும். படங்கள், செட்டிங் போன்ற சில்லறை ஃபைல்கள் கடைசியில். பின்னாளில் ஒரு கேம் வேண்டாம் என்றால் அதை மட்டும் அழித்து இன்னொன்றைத் திணிக்காதீர்கள். திரும்ப முழுதாக ஏற்றுவதுதான் நிம்மதி, அரை மணி நேர வேலை.

காற்றடித்தால் கரண்ட் போகும் ஐப்பசி, கார்த்திகையில் இந்த வேலையை பேட்டரி உள்ள லேப்டாப்பில் செய்யுங்கள். பாதி எழுதும்போது மின்சாரம் நின்றால் அந்த ஃபைல் மட்டுமல்ல, டிரைவின் அட்டவணையே கலைந்துபோகலாம். நூறு சதவீதம் வந்த உடனேயே பிடுங்கவும் வேண்டாம். ‘எஜெக்ட்’ கொடுத்து, எடுக்கலாம் என்று சொன்ன பிறகு எடுங்கள்.

இத்தனையும் சரியாகச் செய்தும் சில கேம் பாதியில் உறைந்தால் பென்டிரைவையே சந்தேகப்படுங்கள். சந்தை விலைக்குப் பாதியில் கிடைக்கும் ‘64 ஜிபி’ சிலவற்றின் உள்ளே 8 ஜிபிகூட இருக்காது. அதற்கு மேல் எழுதுவது பழையதை அழித்துக்கொண்டே போகும். எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவசக் கருவி டிரைவை முழுக்க எழுதித் திரும்பப் படித்து உண்மை அளவைச் சொல்லிவிடும்.

நாகப்பட்டினத்திலிருந்து: கேம் ஓடுகிறது, ஆனால் நடுவில் வரும் வீடியோ காட்சிகள் திக்கித் திக்கி ஓடுகின்றன. யூஎஸ்பி 3.0 பென்டிரைவ் வாங்கினால் தீருமா?

தீராது. காசை மிச்சப்படுத்துங்கள். பிஎஸ்2-வில் இருப்பது யூஎஸ்பி 1.1. வினாடிக்கு 12 மெகாபிட், நடைமுறையில் சுமார் 1 எம்பிதான் வரும். அதன் டிவிடி டிரைவோ 4 மடங்கு வேகத்தில் வினாடிக்கு 5 எம்பிக்கு மேல் படிக்கக்கூடியது. கேமை எழுதியவர்கள் அந்த வேகத்தை நம்பித்தான் வீடியோவை அடைத்திருக்கிறார்கள். எந்தப் பென்டிரைவைச் செருகினாலும் வாய்க்கால் அதே அகலம்தான்.

உங்களுடையது ஸ்லிம், அதாவது பின்னால் வந்த மெல்லிய மாடல் என்கிறீர்கள். பின்பக்கம் லேன் துளை இருக்கும். அதைப் பயன்படுத்துங்கள். கம்ப்யூட்டரில் ஒரு ஃபோல்டரை நெட்வொர்க்கில் பகிர்ந்து, அதற்குள் முன்சொன்ன ‘டிவிடி’, ‘சிடி’ ஃபோல்டர்களை வையுங்கள். இங்கே 4 ஜிபி தொல்லையும் இல்லை, துண்டுபடும் தொல்லையும் இல்லை. பிஎஸ்2-விலிருந்து ரௌட்டருக்கு ஒரு கேபிள், கம்ப்யூட்டரிலிருந்து ரௌட்டருக்கு ஒரு கேபிள். கம்ப்யூட்டர் வைஃபையில் இருந்தாலும் ஓடும், ஆனால் திக்கல் திரும்ப வரலாம்.

ஓபிஎல்லில் நெட்வொர்க் செட்டிங் திறந்து, உங்கள் ரௌட்டர் 192.168.1.1 என்றால் பிஎஸ்2-வுக்கு 192.168.1.50 போல யாரும் பயன்படுத்தாத எண் கொடுங்கள். மாஸ்க் 255.255.255.0. கேட்வே இடத்தில் ரௌட்டரின் எண். அடுத்து கம்ப்யூட்டரின் ஐபி, போர்ட் 445, பகிர்ந்த ஃபோல்டரின் பெயர். அந்தப் பெயரில் இடைவெளி வேண்டாம். சேமித்துவிட்டு மறுபடி இணையுங்கள். கம்ப்யூட்டரின் ஐபி நாளைக்கு மாறிவிட்டால் லிஸ்ட் காலியாகிவிடும் என்பதால் அதற்கும் ரௌட்டரில் நிலையான எண் ஒதுக்கிவிடுங்கள்.

இதில் ஒரு முள் இருக்கிறது. நெட்வொர்க்கில் ஃபைல் பகிர ஓபிஎல் பேசுவது எஸ்எம்பி முதல் பதிப்பு என்ற பழைய மொழி. விண்டோஸ் 10, 11-இல் அதை நிறுத்தி வைத்திருக்கிறார்கள், காரணத்தோடுதான். 2017 மே மாதம் உலகெங்கும் கம்ப்யூட்டர்களைப் பூட்டிப் பணம் கேட்ட வானாக்ரை என்ற தீநிரல் பரவியது இதிலிருந்த ஓட்டை வழியாகத்தான். ‘விண்டோஸ் அம்சங்கள்’ பட்டியலில் அதைத் திரும்ப இயக்க முடியும். ஆனால் பேங்க் வேலை பார்க்கும் கம்ப்யூட்டரில் இதைச் செய்யவே செய்யாதீர்கள். மூலையில் கிடக்கும் பழைய லேப்டாப்போ ராஸ்பெர்ரி பை என்ற சின்னக் கம்ப்யூட்டரோ இருந்தால் லினக்ஸ் போட்டு, ஃபோல்டரைப் பகிரும் சாம்பா மென்பொருளின் அமைப்பில் சர்வரின் குறைந்தபட்ச புரோட்டகால் என்டி1 என்று வைத்து, கேமுக்கு மட்டும் அதை ஒதுக்கிவிடுங்கள்.

கடலோர ஊர் என்பதால் ஒரு வார்த்தை: லேன் துளையின் எட்டுத் தங்க நிற ஊசிகளில் பச்சை படிந்திருந்தால் இணைப்பு வந்து வந்து போகும். மின்சாரத்தைத் துண்டித்துவிட்டு, ஐசோபுரொபைல் ஆல்கஹால் தொட்ட மெல்லிய பிரஷ்ஷால் துடைத்து, நன்றாக உலர்ந்தபின் போடுங்கள்.

திருவாரூரிலிருந்து: என்னிடம் இருப்பது பழைய பெரிய மாடல், நெட்வொர்க் அடாப்டரும் இருக்கிறது. ஹார்ட் டிஸ்க் போடலாமா?

தாராளமாக. பிஎஸ்2-வுக்கு இதைவிட நல்ல வழி இல்லை. அசல் அடாப்டரில் 40 ஊசி ஐடிஇ இணைப்பு இருக்கும். இன்று கிடைக்கும் சாட்டா டிஸ்க் போட, அந்த இணைப்புப் பலகையை மட்டும் மாற்றும் சாட்டா போர்டு விற்கிறது. 2 டிபி வரையிலான டிஸ்க் போதும். 500 ஜிபியில் முழு அளவு ஒற்றை அடுக்கு கேமே நூறு பிடிக்கும்.

கம்ப்யூட்டரில் யூஎஸ்பி டாக் வழியாக டிஸ்க்கை மாட்டி, ஹெச்டிஎல் பேட்ச் இன்ஸ்டாலர் என்ற கருவியை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, அதிலேயே பிஎஸ்2-வின் ஏபிஏ முறையில் ஃபார்மட் செய்து ஐஎஸ்ஓக்களை ஏற்றுங்கள். டிஸ்க் எண்ணை இரண்டு தரம் பாருங்கள், தவறான எண் கொடுத்தால் உங்கள் கம்ப்யூட்டரின் டிஸ்க் அழிந்துவிடும். ஏற்றி முடித்த டிஸ்க்கை அடுத்த முறை மாட்டும்போது விண்டோஸ் ‘ஃபார்மட் செய்யவா’, ‘இனிஷியலைஸ் செய்யவா’ என்று கேட்கும். வேண்டாம் என்று மூடிவிடுங்கள். பலருடைய மொத்த சேமிப்பும் போவது இந்த ஒரு கிளிக்கில்தான். பிஎஸ்2-வில் மாட்டும்போதும் கழற்றும்போதும் பின்பக்க மெயின் ஸ்விட்ச் அணைந்திருக்க வேண்டும். கம்ப்யூட்டர் பெட்டியைத் தொட்டால் சுருக்கென்று அடித்தால் எர்த் இல்லை என்று அர்த்தம். அதைச் சரிசெய்த பிறகு சர்க்யூட் போர்டைக் கையில் எடுங்கள்.

சீர்காழியிலிருந்து: ஃப்ரீ எம்சிபூட் கார்டு நண்பர் வீட்டில் வேலை செய்கிறது, என் ஸ்லிம்மில் செய்யவில்லை. 90000 வரிசை மாடல்.

அந்த வரிசையின் பிந்தைய மெஷின்களில் பயாஸ், அதாவது மெஷினைத் தொடங்கும் உள் மென்பொருள், 2.30. ஃப்ரீ எம்சிபூட் நுழையும் வழியை அதில் அடைத்துவிட்டார்கள். கார்டை மாற்றிப் பயனில்லை. ஓப்பன்டூனா என்ற முறையைக் கார்டில் போடச் சொல்லுங்கள், அது இதில் ஓடும்.

மயிலாடுதுறையிலிருந்து: என்னிடம் அசல் டிஸ்க்குகள் இருக்கின்றன. மழைக்காலத்தில் பூஞ்சை பிடித்துவிட்டது. அவற்றை ஐஎஸ்ஓவாக எடுப்பது சட்டப்படி சரியா? எப்படி எடுப்பது?

உங்கள் டிஸ்க், உங்கள் பயன்பாட்டுக்கான பாதுகாப்பு நகல் என்றால் கவலை வேண்டாம். 1957ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52ஆம் பிரிவு, கணினி நிரலை முறையாக வைத்திருப்பவர் இழப்புக்கும் சேதத்துக்கும் எதிராக நகல் வைத்துக்கொள்ள இடம் தருகிறது. அதை விற்பதற்கோ பத்துப் பேருக்குக் கொடுப்பதற்கோ அது பொருந்தாது. கடையில் நிரப்பிக் கொடுக்கும் ஹார்ட் டிஸ்க் வேறு விஷயம், அதை நாங்கள் சொல்வதாக எடுத்துக்கொள்ள வேண்டாம்.

முதலில் டிஸ்க்கைக் கழுவுங்கள். குழாய்த் தண்ணீர், ஒரு சொட்டுப் பாத்திரம் தேய்க்கும் திரவம், விரல் நுனியால் நடுவிலிருந்து விளிம்பு நோக்கி நேர்கோட்டில். சுற்றிச் சுற்றித் தேய்த்தால் கீறல் தடத்தோடு ஓடி, படிக்க முடியாமல் போகும். பழைய பருத்தி வேட்டித் துணியால் ஒற்றி எடுத்து நிழலில் உலர்த்துங்கள். பிறகு டியூப்லைட்டுக்கு எதிரே பிடித்துப் பாருங்கள். ஊசி முனை அளவு வெளிச்சப் புள்ளிகள் தெரிந்தால் உள்ளே உலோகப் படலம் போய்விட்டது, அந்த இடத்தை மீட்க முடியாது.

கம்ப்யூட்டரில் இம்ஜ்பர்ன் என்ற இலவசக் கருவியில் ‘இமேஜ் ஃபைல் உருவாக்கு’ தேர்ந்து, வேகத்தைக் குறைந்ததாக வையுங்கள். வெள்ளி டிஸ்க் நேராக ஐஎஸ்ஓவாக வரும். நீல டிஸ்க் பின், க்யூ என்ற இரட்டை ஃபைலாக வரலாம். ஓபிஎல்லுக்கு அது புரியாது, ஐஎஸ்ஓவாக மாற்றித்தான் ஏற்ற வேண்டும். படிக்கும்போது பிழை வந்தால் ‘விட்டுவிட்டுப் போ’ என்று கொடுக்காதீர்கள். கேம் தொடங்கும், பத்தாவது லெவலில் அந்த ஓட்டை வந்து நிற்கும். இன்னொரு தரம் கழுவி, வேறு டிவிடி டிரைவில் முயலுங்கள். ஒரு டிரைவ் மறுப்பதை இன்னொன்று படிப்பது சாதாரணம்.

தஞ்சாவூரிலிருந்து: பழைய மெமரி கார்டில் உள்ள சேவ் ஃபைல்களைக் காப்பாற்ற முடியுமா?

முடியும். ஃப்ரீ எம்சிபூட் மெனுவிலிருந்து யூலாஞ்ச்எல்ஃப் என்ற ஃபைல் கையாளும் நிரலைத் திறந்து ஃபைல் பிரவுசருக்குப் போங்கள். ‘எம்சி0’ என்பது முதல் கார்டு, ‘மாஸ்’ என்பது பென்டிரைவ். கார்டில் கேமின் ஃபோல்டர் மேல் நின்று ஆர்1 அழுத்தி ‘காப்பி’. பென்டிரைவுக்குப் போய் மறுபடி ஆர்1 அழுத்தி ‘பிஎஸ்யூ பேஸ்ட்’. வெறும் ‘பேஸ்ட்’ கொடுத்தால் சேவ் ஃபோல்டருக்குரிய தேதி, அனுமதி விவரங்கள் போய்விடும், திரும்பக் கார்டில் போடும்போது சில கேம்கள் ஏற்காது. பிஎஸ்யூ எல்லாவற்றையும் ஒரே ஃபைலாகக் கட்டி வைக்கும். கார்டின் முழு அளவே 8 எம்பிதான், எந்தப் பழைய பென்டிரைவும் இதற்குப் போதும்.