பிஷப் தாமஸ் கென் ஏன் பதவி இழந்தார்?

இங்கிலாந்து மன்னர் இரண்டாம் ஜேம்ஸை எதிர்த்துச் சிறை சென்ற பிஷப் கென், அடுத்து மன்னராக வந்த வில்லியமை ஏன் ஏற்கவில்லை என்று கேட்டிருக்கிறீர்கள்.

கொடுத்த வாக்குதான் காரணம். 1688-ல் ஜேம்ஸின் மதச் சலுகை அறிவிப்பை (இங்கிலாந்துத் திருச்சபையைச் சேராதவர்களுக்கும் வழிபாட்டுச் சுதந்திரம் தரும் ஆணை)த் தேவாலயங்களில் வாசிக்க மறுத்த ஏழு பிஷப்புகளில் கென்னும் ஒருவர். லண்டன் டவரில் அடைக்கப்பட்டு, வழக்கில் விடுதலையானார்கள். ஆனால் ஜேம்ஸ் நாட்டைவிட்டு ஓடியபின்னும், அவருக்கு எடுத்த விசுவாசப் பிரமாணம் தன்னைக் கட்டுப்படுத்தும் என்றே கென் நினைத்தார். வில்லியமுக்குப் புதிய பிரமாணம் எடுக்கவில்லை. 1691-ல் பாத்-வெல்ஸ் மறைமாவட்ட பிஷப் பதவி பறிபோனது.

மனிதர் எப்போதுமே அப்படித்தான். 1683-ல், ஜேம்ஸுக்கு முந்தைய மன்னர் இரண்டாம் சார்லஸ், கென் வாழ்ந்த வின்செஸ்டர் நகருக்கு வந்தபோது, மன்னரின் ஆசைநாயகி நெல் க்வின் தங்கத் தன் வீட்டைத் தர மறுத்தவர். சார்லஸோ கோபப்படாமல் அடுத்த ஆண்டே அவரை பிஷப் பதவிக்குத் தேர்ந்தெடுத்தார்!

கடைசிக் காலம் நண்பர் வேமவுத் பிரபுவின் லாங்லீட் மாளிகையில் கழிந்தது, 1711-ல் இறந்தார். அவர் இடத்துக்கு பிஷப்பாக வந்த கிடர் 1703 பெரும்புயலில், வெல்ஸ் நகரின் பிஷப் அரண்மனையில், புகைபோக்கி இடிந்து விழுந்து மனைவியோடு மாண்டார்.