கயிற்றில் சிக்கிய திமிங்கிலத்தைக் கடலில் குதித்து அறுத்துவிட்டால் என்ன?

கேள்வி இது: "வலையில் மாட்டிக்கொண்ட திமிங்கிலத்தை ஒருவர் கடலில் குதித்து, கத்தியால் அறுத்து விடுவிக்கும் வீடியோ சுற்றுகிறது. ஆனால் வெளிநாட்டு மீட்புக் குழுக்கள் படகிலேயே நின்றுகொண்டு மணிக்கணக்கில் பின்னாலேயே போகிறார்கள். ஏன் இவ்வளவு தாமதம்? நம் கடலில் இப்படி ஒன்றைப் பார்த்தால் என்ன செய்யலாம்?"

அறுப்பது கடைசி சில நிமிட வேலை. அதற்கு முன்னால், 30, 40 டன் எடையுள்ள, மிரண்டுபோன ஒரு விலங்கை மெதுவாகப் போகவைக்க வேண்டும், மூழ்கவிடாமல் மேலேயே வைத்திருக்க வேண்டும். மணிக்கணக்கு எல்லாம் அதற்குத்தான். அதற்கான வழியைக் கண்டுபிடித்தவர்கள் திமிங்கிலத்தைக் காப்பாற்ற வந்தவர்கள் அல்ல, கொல்ல வந்தவர்கள். இதைச் சொல்லாமல் மேலே போக முடியாது.

19-ஆம் நூற்றாண்டில் அமெரிக்காவின் நான்டக்கெட், நியூ பெட்ஃபர்ட் துறைமுகங்களிலிருந்து போன வேட்டைக் கப்பல்கள் திமிங்கிலத்தைக் கண்டதும் ஆறு பேர் கொண்ட சிறு படகுகளை இறக்கும். எறியீட்டி பட்டதும் திமிங்கிலம் செத்துவிடும் என்றுதான் பலரும் நினைத்திருக்கிறார்கள். அது சாகாது. அந்த ஈட்டி வெறும் கொக்கி. கயிற்றின் ஒரு நுனியை உடம்பில் மாட்டுவதோடு அதன் வேலை முடிந்தது. நியூ பெட்ஃபர்டின் கருப்பினக் கொல்லர் லூயிஸ் டெம்பிள் 1848-இல் செய்த புது ஈட்டிமுனைகூட கூர்மையைக் கூட்டவில்லை. உள்ளே போனதும் குறுக்காகத் திரும்பிக்கொள்ளும், பிடுங்கிக்கொண்டு வராது. அவ்வளவுதான் அதன் சிறப்பு.

மாட்டியதும் திமிங்கிலம் ஓடும், படகையும் இழுத்துக்கொண்டு ஓடும். தொட்டியில் வளையம் வளையமாகச் சுற்றி வைத்த கயிறு, படகின் பின்புறக் கட்டையில் ஓரிரு சுற்றுச் சுற்றி வெளியே பாயும். உராய்வில் கட்டை புகையும், அதன்மேல் தண்ணீர் ஊற்றிக்கொண்டே இருப்பார்கள். பக்கத்தில் ஒரு கைக்கோடரி எப்போதும் இருக்கும். கயிறு சிக்கினாலோ, யாருடைய காலாவது வளையத்தில் மாட்டினாலோ ஒரே வெட்டு. இன்னொரு முறையும் உண்டு: கயிற்றில் காலிப் பீப்பாய்களைக் கட்டிவிடுவது. மூழ்கப் பார்த்தால் பீப்பாய் மேலே இழுக்கும், ஓடப் பார்த்தால் பின்னால் இழுக்கும். ஆர்க்டிக் பகுதி இன்யூட் மக்கள் இதற்குக் கடல்நாய்த் தோலில் காற்றடைத்த மிதவைகளைப் பயன்படுத்தினார்கள். களைத்து நின்ற பிறகுதான் நீண்ட வேல் எடுத்து நுரையீரலில் குத்துவார்கள்.

1984-க்கு வருவோம். மாசசூசெட்ஸ் மாநிலத்தின் பிராவின்ஸ்டவுன் ஒரு காலத்து வேட்டைத் துறைமுகம். அங்குள்ள கடற்கரை ஆய்வு மையத்தைச் சேர்ந்த சார்லஸ் மேயோ, டேவிட் மாட்டிலா இருவரும், மீனின் செவுளில் மாட்டிப் பிடிக்கும் செவுள் வலையில் சிக்கியிருந்த 'இபிஸ்' என்ற ஹம்ப்பேக் திமிங்கிலத்தை விடுவிக்க இந்தப் பீப்பாய் முறையைத்தான் எடுத்தார்கள். ஈட்டி தேவைப்படவில்லை. கயிறு ஏற்கெனவே உடம்பில் இருந்ததே! அதில் மிதவைகளைக் கட்டினார்கள், களைக்க வைத்தார்கள், வேல் இருக்க வேண்டிய இடத்தில் கத்தி வந்தது. இன்று உலகம் முழுக்கப் பயிற்சி தருவது இதே முறையில்தான்.

இனி, வேலை எப்படி நடக்கிறது என்பது.

முதலில் பார்ப்பது கயிறு உடம்பில் எங்கே பிடித்திருக்கிறது என்பதை. வாய், பக்கத்துடுப்பு, வாலடி, இந்த மூன்றில் ஒன்றாகவே பெரும்பாலும் இருக்கும். ட்ரோன் மேலிருந்து எடுக்கும், நீண்ட கழியில் கட்டிய கேமரா தண்ணீருக்குள் எடுக்கும். உடம்பின் நிலையும் முக்கியம். நலிந்த திமிங்கிலத்துக்கு, மூச்சுவிடும் ஊதுதுளைக்குப் பின்னால், கழுத்து இருக்க வேண்டிய இடத்தில், குழி விழுந்திருக்கும். அங்கே இருந்த கொழுப்பு கரைந்துவிட்டது என்று பொருள். தோல் சாம்பல் பூத்திருக்கும். ரைட் திமிங்கிலம் என்ற இனமாக இருந்தால் ஆரஞ்சு நிறப் பேன்கள் தலையிலும் காயங்களிலும் அப்பியிருக்கும். இதையெல்லாம் வைத்துத்தான் இன்றைக்கே அறுக்க வேண்டுமா, விட்டால் தானாகக் கழன்றுவிடுமா என்று முடிவெடுப்பார்கள். லேசாகச் சுற்றிய கயிற்றைப் பல திமிங்கிலங்கள் தாமாகவே உதறிவிடுகின்றன. தொடாமல் விடுவதும் ஒரு சிகிச்சைதான்.

அறுப்பது என்று முடிவானால், பின்னால் இழுபடும் கயிற்றின் மேல் ஒரு கொக்கியை எறிவார்கள். கிணற்றில் விழுந்த வாளியை எடுக்கும் நம் பாதாளக்கரண்டியின் தம்பி அது. கொக்கி பிடித்ததும் அதோடு சேர்ந்த கயிறு படகுக்கு வந்துவிடும். அதில் பெரிய காற்றடைத்த போயாக்களை, அதாவது மிதவைகளை, ஒவ்வொன்றாகக் கட்டுவார்கள். திமிங்கிலம் ஓடும், ரப்பர் படகு இழுபட்டுப் போகும். இந்தக் கயிற்றைப் படகில் முடிச்சுப்போட்டுக் கட்டவே கூடாது. கையில் பிடிக்கலாம், கட்டையில் சுற்றலாம், ஆனால் நொடியில் விடக்கூடியதாக இருக்க வேண்டும். காலடியில் கயிற்று வளையம் கிடக்கக் கூடாது. கைக்கெட்டும் இடத்தில் ஒரு கத்தி. கைக்கோடரி நினைவுக்கு வருகிறதா?

வேகம் குறைந்ததும் கயிற்றைப் பிடித்துப் பிடித்து நெருங்கி, கழியில் மாட்டிய கத்தியை நீட்டுவார்கள். சில கழிகள் 9 மீட்டர்வரை நீளும். கத்தி கொக்கி வடிவம், உள்வளைவில் மட்டும் கூர், வெளிப்பக்கம் மழுக்கம். முருங்கைக்காய் பறிக்கும் தொரட்டியைக் கண்முன் கொண்டு வாருங்கள், பாதி புரிந்துவிடும். உடம்புக்கும் கயிற்றுக்கும் நடுவில் நுழைத்து வெளிப்பக்கமாக இழுத்தால் கயிறு அறும், தோல் அறாது. தோலுக்குள்ளேயே புதைந்துவிட்ட கயிறு என்றால் இதுவும் கஷ்டம். கொஞ்சம் சதையும் சேர்த்துத்தான் வரும்.

எந்த வெட்டு முதலில் என்பதில்தான் அனுபவம் தெரியும். ஆர்வக்கோளாறில் எல்லாரும் செய்வது பின்னால் தொங்கும் கயிற்றையும் போயாவையும் வெட்டி எடுப்பது. பார்க்கத் திமிங்கிலம் விடுதலையானது போலவே இருக்கும். உண்மையில் கைப்பிடியை வெட்டி எறிந்துவிட்டோம். வாலடியை இறுக்கும் சுற்று அப்படியே இருக்கும், ஆனால் இனி யாரும் அதைப் பிடிக்க முடியாது, தூரத்திலிருந்து அடையாளம் காணவும் முடியாது. நங்கூரமிட்டதுபோல் ஒரே இடத்தில் கனத்த வலையோடு நிற்கும் திமிங்கிலத்திலும் இதே தவறு நடக்கும். அடியில் இழுக்கும் கயிற்றை முதலில் அறுத்தால் அது மிச்சத்தோடு பாய்ந்து போய்விடும். வாய்வழியாகப் போகும் கயிறு என்றால் ஒரு பக்கம் மட்டும், வாய்க்கு ஒட்டினாற்போல் வெட்டுவார்கள். மறுபக்கம் இழுபடும் பாரமே அதை, பல்லுக்குப் பதிலாக இரையை வடிகட்டும் பலீன் தகடுகளுக்கு நடுவிலிருந்து உருவிவிடும். இரண்டு பக்கமும் வெட்டிவிட்டால் நடுத்துண்டு வாயிலேயே தங்கிவிடும்.

இருட்டிவிட்டாலோ காற்று எழுந்துவிட்டாலோ செயற்கைக்கோள் சிக்னல் தரும் ஒரு போயாவைக் கயிற்றில் கட்டிவிட்டுக் கரைக்குத் திரும்புவார்கள். நாளையோ அடுத்த வாரமோ தேடிப் பிடிக்கலாம். அவசரப்பட வேண்டியதில்லை என்பதற்கு இன்னொரு காரணமும் உண்டு. கயிறு பெரும்பாலும் உடனே கொல்வதில்லை. மூச்சுவிட மேலே வர முடிகிற பெரிய திமிங்கிலம் மாதக்கணக்கில் அதை இழுத்துக்கொண்டே திரியும். சாகும்வரை சிக்கியிருந்த ரைட் திமிங்கிலங்களில் அந்த அவதி சராசரியாக 6 மாதம் என்று கணக்கிட்டிருக்கிறார்கள். வேட்டைக்காரனின் வேல் இதைவிட இரக்கமானது என்று சொன்னால் கோபித்துக்கொள்ளாதீர்கள்.

இப்போது அந்த வீடியோ. வெட்டி முடித்ததும் திமிங்கிலம் துள்ளும், பின்னணியில் வயலின், "நன்றி சொல்கிறது பாருங்கள்" என்று எழுத்து ஓடும். வாயில் எத்தனை மீட்டர் கயிறு மிச்சம் என்பதை மட்டும் எந்த வீடியோவும் காட்டாது. தண்ணீருக்குள் இறங்கியவருக்கு விலங்கின் மறுபக்கம் தெரியாது. அதே வலை அவர் காலிலும் சுற்றலாம், திமிங்கிலம் மூழ்கினால் அவரும் மூழ்குவார். பயிற்சி பெற்றவர்களுக்கே முதல் விதி, நீரில் இறங்காதே என்பதுதான்.

படகிலிருந்தாலும் முழுப் பாதுகாப்பு இல்லை. கனடாவின் கேம்போபெல்லோ தீவைச் சேர்ந்த ஜோ ஹவ்லெட் கல் இறால் பிடிக்கும் மீனவர், அங்குள்ள மீட்புக் குழுவைத் தொடங்கியவர்களில் ஒருவர். 2017 ஜூலை 10 அன்று செயின்ட் லாரன்ஸ் வளைகுடாவில் ஒரு ரைட் திமிங்கிலத்தின் கயிற்றை அறுத்து முடித்த அடுத்த கணம் அதன் வால் அடித்து இறந்துபோனார். அமெரிக்கா, கனடா இரண்டுமே ரைட் திமிங்கிலங்களுக்கான மீட்பைச் சில காலம் நிறுத்திவைத்தன. ஹம்ப்பேக்கைவிட இந்த இனம் முரடு, வாலைப் பக்கவாட்டில் வெகுதூரம் வீசும்.

அந்த ரைட் திமிங்கிலத்தின் கதையே இந்த மொத்த விஷயத்துக்கும் உரைகல். மெதுவாக நீந்தும், கரையோரம் வரும், கொன்றால் மிதக்கும், எண்ணெயும் பலீனும் ஏராளம். கொல்வதற்குச் 'சரியான' திமிங்கிலம் என்பதால்தான் ரைட் என்ற பெயர் என்பார்கள். 1935 முதல் இதைக் கொல்லத் தடை. எல்லா இனங்களுக்குமான வணிக வேட்டைத் தடையைச் சர்வதேச திமிங்கில ஆணையம் 1982-இல் முடிவு செய்து, 1986 பருவத்திலிருந்து நடைமுறைக்குக் கொண்டுவந்தது. அதற்குள் 20-ஆம் நூற்றாண்டில் மட்டும் கொல்லப்பட்ட பெருந்திமிங்கிலங்கள் ஏறக்குறைய 29 லட்சம். தடைக்குப் பின் ஹம்ப்பேக் பல கடல்களில் நன்றாகவே மீண்டுவிட்டது. வடக்கு அட்லாண்டிக் ரைட் திமிங்கிலம் மட்டும் இன்று 400-க்கும் கீழேதான் இருக்கிறது. யாரும் வேட்டையாடவில்லை, கொல்வதற்குக் கயிறும் மோதும் கப்பலும் போதுமானதாக இருக்கின்றன. இந்த இனத்தில் 80 சதவீதத்துக்கு மேல் ஒரு தடவையாவது கயிற்றில் சிக்கிய தழும்போடு இருக்கின்றன. இழுத்துச் சுமந்தே சக்தி கரைவதால் குட்டி போடும் இடைவெளி நீள்கிறது. இப்போது பிறப்பவை 1980-களில் பிறந்தவற்றைவிட உடல் நீளத்திலேயே ஏறத்தாழ ஒரு மீட்டர் குறையும் என்கிறது அளவீடு.

இந்தக் கயிறு எங்கிருந்து வருகிறது? நண்டுக்கும் கல் இறாலுக்கும் கடலடியில் கூடு வைத்து, அதைத் தூக்க மேலே ஒரு போயாவரை செங்குத்தாகக் கயிறு விடுவார்கள். சணல் கயிறும் மணிலா நார்க் கயிறும் இருந்த காலத்தில் திமிங்கிலம் திமிறினால் அறுந்துவிடும். செயற்கை இழை வந்தபின் அறுவதில்லை. அதனால்தான் 1,700 பவுண்டு, அதாவது சுமார் 770 கிலோ இழுவைக்கு மேல் தாங்காத கயிறு என்ற யோசனை வந்தது. இப்படிச் செய்தால் உயிருக்கு ஆபத்தான சிக்கல்கள் வெகுவாகக் குறையும் என்று 2016-இல் வந்த ஆய்வு சொன்னது, மாசசூசெட்ஸ் 2021-இல் அதைக் கட்டாயமாக்கியது. பெரிய திமிங்கிலத்துக்கு இது சரி, குட்டிக்கு அந்த பலமும் இருக்காது. கயிறே இல்லாத கூடும் வந்திருக்கிறது: படகிலிருந்து ஒலிச் சைகை அனுப்பினால் கூட்டிலுள்ள பூட்டு திறந்து, சுருட்டி வைத்த கயிறோடு போயா மேலே வரும், அல்லது பையில் காற்று நிரம்பிக் கூடே மிதக்கும். மீனவர்கள் இதை எதிர்ப்பதைப் பேராசை என்று தள்ளிவிட முடியாது. விலை மிக அதிகம். மேலே போயா இல்லாததால் இழுவலைப் படகுக்கு அடியில் கூடு இருப்பது தெரியாது, வாரிக்கொண்டு போய்விடும். எல்லாருடைய திரையிலும் எல்லாருடைய கூடும் தெரிகிற ஏற்பாடு வரும்வரை சண்டை ஓயாது.

நம் கடலைப் பற்றிக் கேட்டீர்கள். இங்கே கூட்டுக் கயிற்றைவிட செவுள் வலைதான் பயம். பார்த்தால் என்ஜினை நியூட்ரலில் போட்டு 100 மீட்டராவது தள்ளி நில்லுங்கள். கடலோரக் காவல்படையின் 1554-க்கு அழையுங்கள், அல்லது படகின் விஎச்எஃப் ரேடியோவில் 16-ஆம் சேனலில் சொல்லுங்கள். அட்சரேகை, தீர்க்கரேகை, நேரம், போகும் திசை, கயிற்றின் நிறமும் பருமனும், உடம்பில் எங்கே சுற்றியிருக்கிறது, போயாவில் ஏதாவது எண் இருக்கிறதா, இவை வேண்டும். இரண்டு பக்கமும் தெரிகிற மாதிரி வீடியோ எடுத்தால் இன்னும் நல்லது. முடிந்தால் வேறு படகு வரும்வரை கண்ணை எடுக்காமல் கூடவே இருங்கள். திமிங்கிலத்தைத் தொலைத்துவிட்டால் மற்ற எல்லாமே வீண்.

உங்கள் சொந்த வலையிலேயே மாட்டி, படகையே இழுக்கிறது என்றால் கணக்கு வேறு. ஆள் உயிர்தான் முதலில், வலையின் கயிற்றை அறுத்துவிடுங்கள். அப்போதும் வலையில் ஏற்கெனவே உள்ள போயாவைக் கழற்றிவிடாதீர்கள், தேடி வருகிறவருக்குப் பிடி அதுதான். வலை போன நஷ்டத்துக்கு மகாராஷ்டிரத்தில், பாதுகாக்கப்பட்ட கடல் உயிரை வலையை அறுத்து விடுவித்த மீனவருக்கு ரூ.25,000 வரை தரும் திட்டம் உண்டு. நல்ல பழக்கம், மற்ற கடற்கரை மாநிலங்களும் எடுத்துக்கொள்ளலாம். அதற்கும் அறுக்கும்போது எடுத்த வீடியோதான் சாட்சி, ஆகவே படகில் இருப்பவர்களில் ஒருவர் கையிலாவது போன் இருக்கட்டும்.