கீழடி ஆவணப்படம்: அந்த ஆண்டு எதற்கு உரியது?

கேள்வி: உள்ளூர் சேனலுக்காகக் கீழடி பற்றி 20 நிமிட ஆவணப்படம் எடுக்கிறோம். கீறல் எழுத்துள்ள பானை ஓட்டுத் துண்டை குளோசப்பில் காட்டி, ‘2,600 ஆண்டு பழமையான எழுத்து’ என்று தொடங்க எண்ணம். ஆனால் கீறல்கள் கேமராவில் தெளிவாக விழவில்லை. பழைய ஊரை கிராபிக்ஸில் காட்டலாமா?
– மதுரை வாசகர்

பதில்: அந்தத் தொடக்க வரியை மாற்றுங்கள். உங்கள் 2,600 ஆண்டுக் கணக்குக்கு அடிப்படையான கி.மு. 580 என்பது பானை ஓட்டுத் துண்டை அளந்து வந்த ஆண்டல்ல. 353 செ.மீ. ஆழத்தில் எடுத்த கரிம மாதிரியை அமெரிக்க ஆய்வகம் ஒன்று அளந்து சொன்னது. மாநிலத் தொல்லியல் துறை 2019-இல் அறிக்கையாக வெளியிட்டது. 200 செ.மீ. ஆழத்து மாதிரிக்குக் கிடைத்தது கி.மு. 205. ஓட்டின் காலத்தை, அது கிடந்த மண்ணடுக்கை வைத்தே கணிக்கிறார்கள். பிற்காலத்தில் யாராவது அங்கே பள்ளம் தோண்டியிருந்தால் மேலடுக்குப் பொருள் கீழே இறங்கியிருக்கும். அதனால்தான் அடுக்கு கலையாமல் இருந்ததா என்பது முக்கியம். முதலில் அகழாய்வுக் குழியின் மண்சுவர், அடுத்து மாதிரி எடுத்த ஆழம், அதன்மேல் ஆண்டு, கடைசியில் அதே மட்டத்தில் கிடைத்த ஓடு என்று காட்சிகளை அடுக்குங்கள். ஆண்டுக்கு முன்னால் ‘சுமார்’ கட்டாயம் வேண்டும். ஆய்வகம் தருவது ஒரு கால வரம்பைத்தான்.

மண்சுவரை உச்சி வெயிலில் எடுக்காதீர்கள். பாதி வெயில், பாதி நிழல் விழுந்தால் அடுக்குகளின் நிற வேறுபாடு தொலைந்துபோகும். மேலே வெள்ளைத் துணி கட்டி, சுவர் முழுதும் ஒரே நிழலில் இருக்கும்படி செய்யுங்கள். சுவர் காய்ந்திருந்தால் லேசாக நீர் தெளித்துத் தரும்படி அகழாய்வுக் குழுவைக் கேளுங்கள். நீங்களாகத் தெளிக்கக் கூடாது.

‘ஆதன்’ போன்ற பெயர்க் கீறல்கள் மெல்லியவை. நேராக விளக்கடித்தால் தட்டையாகிவிடும். அறையை இருட்டாக்கி, ஒரே ஒரு சிறு விளக்கை ஓட்டின் பரப்பிலிருந்து 10–15 டிகிரிக்குத் தாழ்த்தி, இடது மேற்புறமிருந்து பாய்ச்சுங்கள். கீழிருந்து ஒளி வந்தால் பள்ளமான கோடு புடைத்ததுபோல் கண்ணை ஏமாற்றும். ஒரு ஷாட்டிலாவது அளவுகோல் பக்கத்தில் இருக்கட்டும்.

கிராபிக்ஸ் தாராளமாகச் செய்யலாம். செங்கல் கட்டுமானம், உறைகிணறு, கூரை ஓடு எல்லாம் கிடைத்திருக்கின்றன. இவற்றை இயல்பான நிறத்தில் காட்டுங்கள். சுவரின் உயரம், மாடி, மக்களின் உடை எல்லாம் ஊகம். அவற்றை வெளிறிய கோட்டோவியமாக வையுங்கள். ‘கற்பனை மீட்டுருவாக்கம்’ என்ற எழுத்து அந்தக் காட்சி முடியும்வரை திரையில் நிற்க வேண்டும். இரண்டு நொடி காட்டி எடுத்துவிட்டால் யார் மனத்திலும் தங்காது.

குரல் பதிவுக்கு முன்பே வசனத்தை அகழாய்வாளர் ஒருவரிடம் கொடுத்துச் சரிபாருங்கள். எடிட்டிங் முடிந்தபின் கேட்டால், அவர் தவறென்று சொன்ன வரியை மாற்ற உங்களுக்கே கை வராது.