துருக்கியர் எப்போது டீக்கு மாறினார்கள்? – கடிதம்

அன்புள்ள ஆசிரியருக்கு,

நான் சவூதியின் தம்மாமில் ஒரு கட்டுமான நிறுவனத்தில் கணக்காளராக இருந்து ஓய்வு பெற்றவன். போன புதிதில் ஒரு பெருநாளன்று முதலாளி வீட்டு மஜ்லிஸுக்கு, அதாவது விருந்தினர் கூடத்துக்குக் கூப்பிட்டிருந்தார்கள். சின்னக் கிண்ணத்தில் வெளிர்மஞ்சளாக, சர்க்கரையே இல்லாமல் கஹ்வா என்கிற அரபிக் காபி தந்தார்கள். குடித்ததும் மறுபடி ஊற்றினார்கள். வேண்டாம் என்றால் மரியாதைக் குறைவாகிவிடுமே என்று ஊற்ற ஊற்றக் குடித்துக்கொண்டே இருந்தேன். கடைசியில் பக்கத்தில் இருந்த சூடான்காரர் சிரித்துக்கொண்டே தன் கிண்ணத்தை ஆட்டிக் காட்டி, அப்படிச் செய் என்றார். அன்று இரவு தூக்கமே வரவில்லை.

இப்போது என் மகள் வேலை விஷயமாக இஸ்தான்புல்லில் இருக்கிறாள். ‘துருக்கிக்காரர்கள் காபிக்குப் பேர்போனவர்கள், பார்த்துக் குடி’ என்று சொல்லி அனுப்பினேன். அவளோ, ‘அப்பா, இங்கே விடிஞ்சதிலிருந்து டீதான். கூட வேலை பார்க்கிற ஈரான் பொண்ணும் டீயேதான்’ என்கிறாள். அரபியர், பாரசீகர், துருக்கியர் எல்லோரும் காபி ஆட்கள் என்றல்லவா நினைத்திருந்தேன்? எப்போது மாறினார்கள்? இன்னொரு சந்தேகம், கஹ்வாவில் போடும் ஏலக்காய் நம் போடியிலிருந்து போவதுதானா?

எஸ்., தஞ்சாவூர்

அன்புள்ள எஸ்.,

கிண்ணத்தை ஆட்டாதவரை ஊற்றுவார்கள். ஊற்றுகிறவர் மேல் தப்பில்லை, அவர் வேலை அது. தல்லா என்கிற மூக்கு நீண்ட கூஜாவை இடது கையிலும் கிண்ணங்களை வலது கையிலும் வைத்துக்கொண்டு, அவையில் பெரியவர் யாரோ அவரிடமிருந்து தொடங்குவார். ஃபின்ஜான் எனப்படும் பிடியில்லாத அந்தக் கிண்ணத்தில் அடியில் கொஞ்சம்தான் ஊற்றுவார். வழிய வழிய ஊற்றினால் ‘குடித்துவிட்டுக் கிளம்பு’ என்று பொருளாகிவிடும். வாங்குகிறவர் வலது கையால் வாங்க வேண்டும். மூன்றோடு நிறுத்திக்கொள்வது நாகரிகம். நீங்கள் எத்தனையில் நிறுத்தினீர்கள் என்று எழுதவில்லை, நானும் கேட்கவில்லை.

ஜோர்தான், சிரியா பக்கத்துப் பதூயின்களிடம் (பாலைவன நாடோடி அரபியர்) இதைவிடச் சுவையான ஒரு வழக்கம் உண்டு. ஒரு காரியம் ஆக வேண்டும் என்று வருகிறவர், கொடுத்த கிண்ணத்தைக் குடிக்காமல் தரையில் வைத்துவிடுவார். வீட்டுக்காரருக்கு விஷயம் புரிந்துவிடும். ‘குடியுங்கள், கேட்டது கிடைக்கும்’ என்று அவர் வாயால் வர வேண்டும். விருந்தாளி குடிக்காமலே எழுந்து போனால் அந்த வீட்டுக்கு அது தலைக்குனிவு. பெண் கேட்பது, பழி தீர்க்காமல் சமாதானமாகப் போவது எல்லாம் இப்படித் தரையில் வைத்த கிண்ணத்தை முன்னிட்டுப் பேசி முடிவாகியிருக்கின்றன. ஆக, நீங்கள் குடித்தது பானம் என்பதைவிட ஒரு சபை நடைமுறை. தாகத்துக்கும் அலுப்புக்கும் அரபியர் குடிப்பது பெரும்பாலும் டீதான். எகிப்தில் ஸ்ட்ராங்கான டீ, ஈராக்கில் சின்னக் கண்ணாடிக் குவளையில் கறுப்பு டீ, மொராக்கோவில் புதினா போட்ட பச்சை டீ. வளைகுடாவில் இப்போது கொடிகட்டிப் பறக்கும் கரக் சாயா என்கிற பால் டீ நம்மவர்கள், மலையாளிகள், பாகிஸ்தானிகள் என்று பிழைக்கப் போனவர்கள் கொண்டுபோனது. தம்மாமில் நீங்களே குடித்திருப்பீர்கள்.

துருக்கிக்கு வருவோம். உங்கள் நினைப்பு முழுக்கத் தவறில்லை, நூறு வருடம் பழையது, அவ்வளவுதான்.

15ஆம் நூற்றாண்டில் ஏமனின் சூஃபிகள் இரவு வழிபாட்டில் கண் சொருகாமலிருக்கக் குடித்தது காபி. அங்கிருந்து மக்கா, கெய்ரோ என்று ஏறியது. 1511இல் மக்காவின் ஆளுநர் தடை போட்டுப் பார்த்தார், கெய்ரோவிலிருந்த மேலிடம் அதை விலக்கிவிட்டது. 1550களில் இஸ்தான்புல்லில் காபிக்கடைகள் திறந்தன. அடுத்த நூற்றாண்டில் சுல்தான் நான்காம் முராத் 1633இல் அவற்றை இழுத்து மூடினார். கூட்டமாக உட்கார்ந்தால் அரசியல் பேசுவார்கள் என்ற பயம்தான் காரணம் என்று நினைக்கிறேன். தடை நிற்கவில்லை. ஏமன் நெடுங்காலம் துருக்கியரின் உதுமானியப் பேரரசின் கைக்குள் இருந்ததால் காபிக்கு அவர்களுக்கு வழியும் இருந்தது.

முதல் உலகப்போரில் அந்தப் பேரரசு உடைந்தது. ஏமனும் போயிற்று. புதிதாகப் பிறந்த துருக்கிக் குடியரசுக்குக் காபி என்பது அந்நியச் செலாவணி கொடுத்து வாங்க வேண்டிய சரக்கு. அதே சமயம், கருங்கடல் ஓரத்தில் ரிஸே என்ற மழை கொட்டும் மலைப்பகுதி வறுமையில் கிடந்தது. அங்கிருந்தவர்கள் பிழைப்புக்கு எல்லை தாண்டி, இன்றைய ஜார்ஜியாவிலுள்ள பாத்தூமிக்குப் போய்க்கொண்டிருந்தார்கள், ரஷ்யப் புரட்சிக்குப் பிறகு அந்த எல்லையும் அடைத்துக்கொண்டது. 1924இல் நாடாளுமன்றம் ரிஸேயில் தேயிலை பயிரிட ஒரு சட்டமே போட்டது. ஸிஹ்னி தெரின் என்ற வேளாண் அதிகாரி இதைத் தலைமேல் போட்டுக்கொண்டு அலைந்தார். முதல் முயற்சி சோர்ந்துபோய், 1930களின் பிற்பகுதியில் பாத்தூமியிலிருந்து டன் கணக்கில் விதை வரவழைத்த பிறகுதான் தோட்டம் பிடித்தது. 1947இல் ரிஸேயில் முதல் தேயிலைத் தொழிற்சாலை. 1984 வரை தேயிலை அங்கே அரசின் ஏகபோகம்.

அதாவது, உங்கள் மகள் பார்க்கிற அந்த ‘பாரம்பரிய’ டீக்குப் பின்னால் ஒரு சட்டம், ஒரு அதிகாரி, ஒரு அந்நியச் செலாவணிக் கணக்கு. அதற்கு முன்னும் துருக்கியில் டீ உண்டு, ஆனால் குடிசை வரை போகவில்லை. 1970களின் கடைசியில் செலாவணி மறுபடி வற்றியபோது காபி கடைகளிலிருந்தே காணாமல் போய், கொண்டைக்கடலையை வறுத்து அரைத்துக் குடித்தார்கள். இன்று தலைக்கு இத்தனை என்று கணக்குப் பார்த்தால் உலகிலேயே அதிகம் டீ குடிப்பவர்கள் துருக்கியர்தான். ஒன்றின் மேல் ஒன்றாக இரண்டு கெட்டில், மேலே டிகாக்‌ஷன், கீழே வெந்நீர், இடை சிறுத்த கண்ணாடிக் குவளை, பால் கிடையாது. போதும் என்றால் கரண்டியைக் குவளையின் வாய்மேல் குறுக்கே வைக்கச் சொல்லுங்கள், நிறுத்திவிடுவார்கள்.

காபி அங்கே ஒழிந்துவிடவில்லை, சடங்குக்கு ஒதுங்கிவிட்டது. பெண் பார்க்க வந்தவர்களுக்குப் பெண் காபி போட்டுக் கொண்டுவருவாள், மாப்பிள்ளையின் கோப்பையில் மட்டும் உப்பு இருக்கும். முகம் சுளிக்காமல் குடித்தால் தேறினான். குடித்த கோப்பையைக் கவிழ்த்துக் கசண்டில் குறி சொல்வதும் உண்டு. யுனெஸ்கோ துருக்கிக் காபியை 2013இல் தன் பண்பாட்டு மரபுப் பட்டியலில் சேர்த்தது, வளைகுடா நாடுகளின் கஹ்வாவை 2015இல். பட்டியலில் ஏறியதெல்லாம் ஆதிகாலத்தது என்று எடுத்துக்கொள்ள வேண்டாம். நம் டிகிரி காபிக்கே என்ன வயதாகிவிட்டது?

ஈரானின் கதையில் நமக்கு ஒரு தொடர்பு இருக்கிறது. அங்கும் சஃபாவிய மன்னர்கள் காலத்தில் காபிக்கடைகள் பெருகியிருந்தன. 19ஆம் நூற்றாண்டில் ரஷ்யாவிலிருந்து சமோவார் என்கிற வெந்நீர்க் கொதிகலம் வந்தது, டீ பரவியது. டீ முழுக்க வெளியிலிருந்துதான் வர வேண்டியிருந்தது. அந்த நூற்றாண்டின் இறுதியில் இந்தியாவில் ஈரானின் தூதராக இருந்த காஷிஃப் அல்-சல்தானே, பிரிட்டிஷார் பொத்திப் பொத்தி வைத்திருந்த தேயிலை வளர்ப்பைக் கற்றுக்கொண்டு, இமாச்சலத்துக் காங்க்ராவிலிருந்து கன்றுகளைக் கொண்டுபோய்க் காஸ்பியன் கரையில் லாஹிஜானில் நட்டார். அவருடைய கல்லறை அங்கேதான் இருக்கிறது, அதையே தேயிலை அருங்காட்சியகமாக வைத்திருக்கிறார்கள். ஈரானியர் சர்க்கரையை டீயில் கலக்காமல் கட்டியைப் பல்லிடுக்கில் வைத்துக்கொண்டு அதன் வழியாக உறிஞ்சுவார்கள். பல் வைத்தியர்களுக்கு நல்ல வருமானம் என்று தோன்றுகிறது.

இந்த மூவரையும் ஒரே கூடையில் போடுவது நம்மில் பலருக்கும் உள்ள பழக்கம். மதம் பொதுவாக இருக்கலாம். மொழி மூன்றும் மூன்று வேறு குடும்பம். டீயோ காபியோ என்பதை மொழியும் மதமும் முடிவு செய்யவில்லை, பெரும்பாலும் எல்லையும் விலையும் செய்திருக்கின்றன. காபி பிறந்த ஏமனிலேயே பாருங்கள், கொட்டை விலைபோகிற சரக்கு என்பதால் அதை விற்றுவிட்டு, உலர்ந்த தொலியை இஞ்சியோடு கொதிக்கவைத்துக் கிஷ்ர் என்று குடித்துவந்திருக்கிறார்கள்.

கடைசியாக ஏலக்காய். ஒரு காலத்தில் வளைகுடாவுக்கு ஏலக்காய் என்றால் நம் மலைதான், இடுக்கித் தோட்டமும் போடிச் சந்தையும். இன்று உலகச் சந்தையில் முன்னால் நிற்பது குவாதமாலா. அங்கே அந்தப் பயிரைக் கொண்டுபோனவர் ஒரு ஜெர்மன் தோட்டக்காரர், முதல் உலகப்போரை ஒட்டிய வருடங்களில். குவாதமாலாக்காரர்கள் வீட்டுச் சமையலில் ஏலக்காய்க்கு வேலையே இல்லை, விளைவதை அப்படியே கப்பலில் ஏற்றுகிறார்கள். நம்மிடம் விளைவதில் பெரும்பகுதியை நாமே பாயசத்திலும் டீயிலும் தீர்த்துவிடுகிறோம். அதனால் நீங்கள் குடித்த கஹ்வாவில் எந்த நாட்டு ஏலக்காய் என்பது நீங்கள் எந்த வருடம் போனீர்கள் என்பதைப் பொறுத்தது. மகளுக்குப் பார்சல் கட்டுகிற யோசனை இருந்தால் விட்டுவிடுங்கள். துருக்கிக் காபியில் பொதுவாக ஏலக்காய் போடுவதில்லை.