புதுத் தோழன் மதுக்கடையில் இல்லையா?

தம்பி, ஏ.எல். முடித்த கையோடு பால்டர்ஸ் கேட் 2 கணினி விளையாட்டில் இறங்கியிருக்கிறீர்கள், நல்லது. மொட் (ரசிகர்கள் செய்து விளையாட்டோடு சேர்க்கும் கூடுதல் பகுதி) பிழையில்லாமல் ஏறியும், அது தரும் புதுத் தோழன் விளையாட்டில் வரும் கோப்பர் கொரோனெட் மதுக்கடையில் நிற்கவில்லை என்கிறீர்கள். அந்தக் கடைக்குள் ஏற்கெனவே ஒருதடவை போய் வந்தீர்கள்தானே? பெரும்பாலும் அதுதான் வினை. 2000இல் வந்த இந்த விளையாட்டு, நீங்கள் கால் வைத்த இடத்தை அப்படியே சேவ் கோப்புக்குள் எழுதி வைத்துவிடும். பிறகு மொட் அங்கே ஆளைக் கொண்டுவந்து நிறுத்தினாலும், திறப்பது பழைய பிரதிதான். கடைக்குப் போகுமுன் எடுத்த சேவ் இருந்தால் அதிலிருந்து தொடருங்கள். இல்லையா, கன்சோலில் (விளையாட்டுக்குள் கட்டளை தட்டச்சுச் செய்யும் பெட்டி) கட்டளை கொடுத்து ஆளை வரவழைக்கலாம்; ஆனால் அப்படி வந்தவனின் உரையாடல் சிலவேளை குழம்பும். நானென்றால் புதிதாகவே தொடங்குவேன்.

அப்புறம், பிடிக்காத மொட்டை ஃபோல்டருக்குள் போய்க் கையால் அழிக்காதீர்கள். மொட் நிறுவும் கருவியான வெய்டியூ வழியாகவே கழற்றுங்கள். அதற்குப் பின் ஏறியவற்றையும் அது கழற்றி, திரும்ப ஒழுங்காகப் பூட்டிவிடும். வெள்ளவத்தையில் ஒரு மழை இரவு, நிறுவல் பாதியில் இருக்கும்போது கரண்ட் போய் எனக்கு எல்லாமே நாசம். இப்போதெல்லாம் முழு ஃபோல்டரையும் முதலில் பென்டிரைவில் கொப்பி எடுத்துவிட்டுத்தான் மொட்டில் கை வைப்பேன்.