கோல்ட்ஃபிங்கர் வில்லனின் சொந்தக் குரல்

கேள்வி: 'கோல்ட்ஃபிங்கர்' என்ற ஜேம்ஸ் பாண்ட் படத்தில் தங்கப் பைத்தியமாக வரும் குண்டு வில்லன் யார்? அதற்குப் பிறகு அவர் என்ன ஆனார்?

அவர் பெயர் கெர்ட் ஃப்ரோபே. ஜெர்மன் நடிகர். அதற்குப் பிறகு என்ன ஆனார் என்று கேட்கிறீர்கள். எனக்கு அவரைப் பிடித்துப்போனதே அதற்கு முன்னால் அவர் செய்த வேலையால்தான். 1964-இல் அந்தப் படம் வெளிவந்தபோது அவருக்கு வயது 51.

முதலில் ஒன்றைச் சொல்லிவிடுகிறேன். ஆங்கிலப் பதிப்பில் நாம் கேட்கும் அந்தக் குரல் அவருடையது இல்லை. அவருக்கு ஆங்கிலம் அவ்வளவாக வராது. வசனங்களை ஒலியாகவே மனப்பாடம் செய்து பேசினார். பிறகு குரல் சேர்க்கும்போது உதட்டசைவு பொருந்த வேண்டும் என்பதற்காக, வேகமாகப் பேசும்படி இயக்குநர் கை ஹாமில்டன் அவரிடம் சொல்லியிருந்தார். கடைசியில் பின்னணிக் குரல் கொடுத்தவர் மைக்கேல் காலின்ஸ் என்ற நடிகர். சின்ன வயதில் தொலைக்காட்சியில் இந்தப் படத்தைப் பல தடவை பார்த்திருக்கிறேன், ஒரு நாளும் எனக்குச் சந்தேகம் வந்ததில்லை. பாண்டை மேசையில் கட்டிப்போட்டு லேசர் கதிரை ஏவிவிட்டு, வந்த வேலை முடிந்தது என்பதுபோல் நடந்து போவார். பாண்ட் கூப்பிட்டுக் கேட்டதும் திரும்பி, சந்தோஷமாக, "நீ செத்தால் போதும்" என்கிற மாதிரி ஒரு பதில் சொல்வார். அந்த நடையும் திரும்பலும் முகத்தில் வரும் மலர்ச்சியும் முழுக்க ஃப்ரோபேயுடையவை. குரலை எடுத்துவிட்ட பிறகும் ஒரு மனிதரிடம் இவ்வளவு மிச்சம் இருந்திருக்கிறது.

பாண்ட் படக்காரர்கள் அவரைத் தேடி வரக் காரணம் 1958-இல் வந்த ஒரு ஜெர்மன் மொழிப் படம். அதன் தலைப்புக்குத் தமிழில் 'பட்டப்பகலில் நடந்தது' என்று பொருள். எழுத்தாளர் ஃப்ரீட்ரிஷ் டூரன்மாட் திரைக்கதையில் பங்கெடுத்த படம், கதை நடப்பது சுவிட்சர்லாந்தில். ஒரு சிறுமி கொலை செய்யப்படுகிறாள். அவள் வரைந்துவைத்த படம் ஒன்றுதான் தடயம்: ராட்சதன் போல ஒரு மனிதன், ஒரு கறுப்புக் கார், கொம்புள்ள ஒரு மிருகம், சின்னச் சின்ன முள்ளெலிகள். அந்த முள்ளெலிகள் உண்மையில் சாக்லேட் உருண்டைகள், கொம்புள்ள மிருகம் காரின் எண் பலகையில் இருந்த மாநிலச் சின்னம் என்று விசாரணை அதிகாரி ஒவ்வொன்றாகப் பிடிக்கிறார்.

அந்த ராட்சதன்தான் ஃப்ரோபே. படத்தில் பாதிக்கு மேல் போன பிறகுதான் முகமே காட்டுவார். வீட்டில் மனைவி அதட்ட அதட்ட வாய் திறக்காமல் நிற்கும் ஒரு பெரிய உடம்பு. அதே ஆள் காட்டுக்குள் ஒரு குழந்தையின் முன்னால் கையில் பொம்மையை மாட்டிக்கொண்டு வித்தை காட்டும்போது முகம் குழந்தையின் முகமாகவே ஆகிவிடும். அவள் அவரை மந்திரவாதி என்று நம்புகிறாள். கத்தல் இல்லை, முறைப்பு இல்லை. அந்த மென்மைதான் அடிவயிற்றைக் கலக்கியது, அன்றைக்கு இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

அவர் பிறந்தது 1913-இல், சாக்சனியில், ஸ்விக்காவ் நகரை ஒட்டிய ஊரில். இளம் வயதில் வயலின் வாசித்தார், அப்புறம் டிரெஸ்டனில் நாடக மேடைக்குத் திரை ஓவியம் தீட்டப் பழகினார். அங்கே எரிஷ் போன்டோ என்ற பெரிய நடிகரிடம் நடிப்புக் கற்றார். போருக்குப் பிறகு, 1948-இல், 'பெர்லினர் பல்லாடெ' படத்தில் கதாநாயகன். இந்தப் படத்தைப் பார்த்தால் ஆள் அவர்தானா என்று கேட்பீர்கள். எலும்பும் தோலுமாக, ஒட்டிய கன்னத்தோடு, இடிந்த பெர்லினுக்குத் திரும்பி வரும் சிப்பாய். பாத்திரத்தின் பெயர் ஒட்டோ நார்மால்ஃபெர்பிராவ்ஹர். கூடுதல் பங்கீடு எதுவும் கிடைக்காத சாதாரண அட்டைதாரரைத்தான் ரேஷன் அலுவலக மொழியில் 'நார்மால்ஃபெர்பிராவ்ஹர்' என்பார்கள். படம் அதற்கு முன்னால் ஒட்டோவைச் சேர்த்தது. இன்றைக்கும் ஜெர்மானியர்கள் சராசரி மனிதனைக் குறிக்க அந்தப் பெயரைச் சொல்கிறார்கள்.

அவரைப் பற்றி எழுதும்போது இதை மறைக்கக் கூடாது: 1929-இல், பதினாறு வயதில், நாஜிக் கட்சியில் சேர்ந்தார். 1937-இல் விலகினார். 1960-களின் நடுவில் இது ஒரு பேட்டி வழியாக வெளியே வந்ததும் இஸ்ரேலில் அவருடைய படங்களுக்குத் தடை விழுந்தது. பிறகு ஒரு யூதர் இஸ்ரேல் அதிகாரிகளிடம் போய், தன்னையும் தன் தாயையும் ஃப்ரோபே ஒளித்துவைத்துக் காப்பாற்றினார் என்று சொன்னார். தடை நீங்கியது. கட்சியில் இருந்ததும் நடந்தது, காப்பாற்றியதும் நடந்தது. இரண்டையும் சேர்த்துத்தான் நான் அவரைப் பார்க்கிறேன்.

சரி, பாண்டுக்குப் பிறகு. 1965-இல் ஒரு விமானப் பந்தய நகைச்சுவைப் படத்தில், கையேட்டைப் படித்துப் படித்தே விமானம் ஓட்டும் ஜெர்மன் அதிகாரி. அடுத்த ஆண்டே 'பாரிஸ் எரிகிறதா?' படத்தில் பாரிஸ் நகரின் ஜெர்மன் தளபதி ஷோல்டிட்ஸ், அதில் சிரிப்புக்கே இடமில்லை. 1968-இல் 'சிட்டி சிட்டி பேங் பேங்' படத்தில் குழந்தைகளை வெறுக்கும் நாட்டின் அசட்டு அரசன். 1974-இல் குழந்தைகள் படத்தில் கொள்ளைக்காரன் ஹொட்ஸன்ப்ளொட்ஸ். 1977-இல் ஸ்வீடன் இயக்குநர் இங்மார் பெர்க்மனின் படத்தில் காவல் அதிகாரி. கடைசிக் காலத்தில் தொலைக்காட்சித் தொடர்கள். மேடையில் தனியாக நின்று ஜெர்மன் கவிஞர் மார்கன்ஷ்டெர்னின் வேடிக்கைக் கவிதைகளைச் சொல்லி அரங்குகளை நிறைத்ததும் உண்டு. 1988 செப்டம்பரில் மியூனிக்கில் காலமானார்.

நேரம் இருந்தால் முதலில் 1958 படத்தைத் துணைத்தலைப்போடு பாருங்கள். அப்புறம் கோல்ட்ஃபிங்கரின் ஜெர்மன் பதிப்பு எங்காவது கிடைத்தால் விடாதீர்கள். அதில் அவருக்கு அவரேதான் குரல் கொடுத்திருக்கிறார்.