அலமேலு என்ற பெயருக்கு என்ன பொருள்? இந்தக் காலத்தில் பெண் குழந்தைக்கு வைக்கலாமா?

கேள்வியைச் சுருக்கமாகத் திருப்பிச் சொல்லிவிடுகிறேன். கணவரின் பாட்டி பெயர் அலமேலு. பிறந்திருக்கும் பெண்ணுக்கு அதையே வைக்க வேண்டும் என்று மாமியார் வீட்டில் ஆசைப்படுகிறார்கள். உங்களுக்கு அது நாடகத்தில் வரும் மாமி பெயர் மாதிரி கேட்கிறது. அதற்கு அர்த்தம் உண்டா, எவ்வளவு பழையது, பள்ளிக்கூடத்தில் கிண்டல் செய்வார்களா என்று கேட்டிருக்கிறீர்கள்.

அர்த்தம் உண்டு. ஆனால் இன்று புழங்கும் பெயரில் பாதிதான் மிச்சம்.

முழுப்பெயர் அலர்மேல்மங்கை. அலர் என்றால் மலர்ந்த பூ. இங்கே தாமரை. தாமரைப் பூவின்மேல் வீற்றிருக்கும் மங்கை, அதாவது திருமகள். பேச்சில் நடுவிலிருந்த 'ர்' விழுந்துவிட்டது. பேச்சில் பல் 'பல்லு' என்றும் கால் 'காலு' என்றும் ஆகிற மாதிரி, மேல் என்பது 'மேலு' ஆனது. கூப்பிட நீளமாக இருக்கிறது என்று மங்கையையும் கழற்றிவிட்டார்கள். மிஞ்சியது அலமேலு. அதை அப்படியே பொருள் பார்த்தால் 'பூவின் மேல்' என்பதோடு நின்றுவிடும். பூவின் மேல் யார்? சொல்லவில்லை. விலாசத்தை வைத்துக்கொண்டு ஆளை விட்டுவிட்ட பெயர் இது. தெலுங்குக்காரர்கள் பக்கம் போனால் அலிவேலுவும் உண்டு, அதோடு மங்கம்மா, மங்கதாயாரு என்று கழன்ற பாதியை எடுத்துக்கொண்டவர்களும் நிறைய. நாம் முன்பாதி, அவர்கள் பின்பாதி என்று பாகம் பிரித்துக்கொண்ட மாதிரிதான் எனக்குத் தோன்றும்.

'அலைமேல் மங்கை' என்று பிரித்து, பாற்கடலில் தோன்றியவள் அல்லவா, அதனால் அந்தப் பெயர் என்று விளக்கம் சொல்பவர்கள் இருக்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது. ஆனால் பழைய பாட்டில் அலர் என்றே தெளிவாக இருப்பதால் அதற்கு வேலை இல்லை. இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், யாராவது தமிழாசிரியர் சொல்லிப் பயமுறுத்துவதற்கு முன்னால். அகப்பாடல்களில் அலர் என்றால் ஊர் பேசும் வம்பு. திருக்குறளின் 115-ஆம் அதிகாரத்துக்கே அலரறிவுறுத்தல் என்றுதான் பெயர். காதல் விவகாரம் பூ மாதிரி விரிந்து ஊரெல்லாம் தெரிந்துபோவது அந்த அலர். உங்கள் பெண் பெயரில் இருப்பது வெறும் பூ.

சரி, பழைய பாட்டு என்றேனே, அது நம்மாழ்வாருடையது. திருவாய்மொழி, ஆறாம் பத்து, பத்தாம் திருமொழி, பத்தாம் பாசுரம். 'அகலகில்லேன் இறையும் என்று அலர்மேல் மங்கை உறை மார்பா' என்று தொடங்கும். வைணவ வீடுகளில் இதைத் தெரியாதவர்கள் குறைவு. திருவேங்கடமுடையானிடம் ஆழ்வார் சரணாகதி செய்யும் இடம். நம்மாழ்வாரின் காலத்தை 8, 9-ஆம் நூற்றாண்டுகளையொட்டி வைக்கிறார்கள் என்பதால், இந்தத் தொடருக்கு ஆயிரம் வயதுக்கு மேல் ஆகிறது.

இந்த வரியைக் கொஞ்சம் நின்று பாருங்கள். 'இறையும்' என்றால் ஒரு நொடிகூட. 'ஒரு நொடிகூட இங்கிருந்து அகல மாட்டேன்' என்று சொல்லிக்கொண்டு அவன் மார்பிலே குடியிருக்கிறாள் அவள். அதாவது பெயர் 'தாமரைமேல் இருப்பவள்'. ஆனால் ஆழ்வார் பாட்டில் அவள் இருப்பது தாமரையில் இல்லை, அதை விட்டுவிட்டு மார்புக்கு வந்துவிட்டாள். வந்தவள் இனிமேல் நகர மாட்டேன் என்கிறாள். எனக்கு இந்தப் பிடிவாதம் ரொம்பப் பிடிக்கும். வைணவ உரைமரபில் இதற்கு ஒரு காரணமும் சொல்வார்கள்: நாம் தப்பு செய்துவிட்டுப் போய் நிற்கும்போது பெருமாள் கோபத்தோடு இருந்தால் பரிந்து பேச ஆள் வேண்டும், அவள் எப்போது வருவாள் என்று காத்திருக்கக் கூடாது, அதனால் எந்நேரமும் அங்கேயே இருக்கிறாள் என்று.

பாசுரத்தில் அது ஒரு வருணனைத் தொடர்தான். திருமகளைக் குறிக்க இப்படிப் பல சொற்கள் உண்டு. வள்ளுவர் சோம்பல் இல்லாதவன் முயற்சியில் 'தாமரையினாள்' குடியிருப்பாள் என்கிறார். மலர்மகள், பூமகள், அலர்மகள் என்றெல்லாம் வரும். இத்தனையில் அலர்மேல்மங்கை மட்டும் ஆட்களுக்கு வைக்கிற பெயராக வேரூன்றியதற்குக் காரணம் திருப்பதிதான். கீழே திருச்சானூரில் இருக்கும் தாயாருக்கு வடமொழியில் பத்மாவதி, தமிழில் அலர்மேல்மங்கை. அந்த ஊருக்கே அலமேலுமங்காபுரம் என்று ஒரு பெயர் உண்டு. பத்மம் என்றாலும் தாமரைதான் என்பதால், இரண்டும் ஒரே ஆளின் இரண்டு பெயர்கள்.

இது தெரியாமல் எங்கள் குடும்பத்தில் ஒரு கூத்து நடந்திருக்கிறது. என் அம்மாவின் பெரியம்மா பெயர் அலமேலு, அவருக்கு அடுத்த தங்கை பெயர் பத்மாவதி. குலதெய்வம் வேங்கடாசலபதி என்பதால் மூத்தவளுக்குத் தாயார் பெயர், இரண்டாவதுக்கும் தாயார் பெயர். "எங்க அப்பாவுக்கு வேற பேரே கிடைக்கல, ஒரே பேரை ரெண்டு பாஷையில வச்சுட்டார்" என்று அலமு பாட்டி சொல்லிச் சொல்லிச் சிரிப்பார். மூன்றாவது பையனாகப் பிறந்ததும் தயங்காமல் சீனிவாசன்.

தெலுங்குக்கு இந்தப் பெயர் போய்ச் சேர்ந்த கதை இன்னும் சுவையானது. தாள்ளபாக்க அன்னமாச்சார்யா (1408–1503) திருமலை அப்பன்மேல் பாடிய கீர்த்தனைகள் 32,000 என்பது மரபு. செப்பேடுகளில் பொறித்து திருமலைக் கோயிலிலேயே ஓர் அறையில் வைத்திருந்தார்கள். அது வெளிச்சத்துக்கு வந்தது 1922-இல். அந்தப் பாட்டுகளில் அவள் அலமேலுமங்கதான். 15-ஆம் நூற்றாண்டிலேயே 'ர்' போய், 'மேலு' வந்துவிட்டது பாருங்கள். அதனால் அலமேலு என்பது பாட்டிமார் வாயில் நேற்றுச் சிதைந்த பெயர் என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள். அவருடைய பாட்டு ஒன்று 'அலருலு குரியக ஆடெனதே' என்று தொடங்கும். பூக்கள் கொட்ட அவள் ஆடினாளாம். அடுத்த அடியில் அலமேலுமங்க வருகிறாள். தெலுங்கிலும் அலரு பூதான். பெயருக்குள் ஒளிந்திருக்கும் பூவை அவர் மேலே வாரி இறைத்துவிட்டார் என்று நான் நினைத்துக்கொள்வேன்.

கன்னட நாட்டில் இதே பெயருக்கு வேறு முகம். மைசூர்ப் பக்கம் போய் அலமேலம்மா என்று சொன்னால் சாபம் என்பார்கள். 1610-இல் ராஜ உடையார் ஸ்ரீரங்கப்பட்டணத்தைக் கைப்பற்றினார். அதுவரை அங்கே விஜயநகரத்தின் பிரதிநிதியாக இருந்தவரின் மனைவி அலமேலம்மா. ரங்கநாயகித் தாயாருக்குச் சாத்தும் நகைகள் அவர் பொறுப்பில் இருந்தனவாம். அவற்றைக் கேட்டு உடையாரின் ஆட்கள் துரத்த, தலக்காட்டை ஒட்டிய மாலங்கியில் காவிரியில் குதித்துவிட்டார் என்பது கதை. குதிக்குமுன் சொன்னதாக மூன்று வாக்கியங்கள் வழங்குகின்றன: தலக்காடு மணலாகட்டும், மாலங்கி மடுவாகட்டும், மைசூர் அரசர்களுக்குப் பிள்ளை இல்லாமல் போகட்டும்.

தலக்காட்டுக் கோயில்கள் உண்மையிலேயே மணலில் புதைந்தவை, தோண்டி எடுத்தார்கள். ஆற்றின் போக்கும் காற்றும் செய்த வேலை என்று விவரம் தெரிந்தவர்கள் சொல்வார்கள். அரச குடும்பத்தில் தத்து எடுப்பதும், தம்பி மகன் பட்டத்துக்கு வருவதும் அடிக்கடி நடந்திருக்கிறது. 1940-இல் நான்காம் கிருஷ்ணராஜருக்குப் பின் வந்த ஜெயசாமராஜர் அவருடைய தம்பி மகன்தான். சாபம் பலித்ததா என்பதை விடுங்கள். அரண்மனையில் நவராத்திரியின்போது அலமேலம்மாவுக்கும் பூஜை நடக்கிறது. தோற்றுப்போன பக்கத்துப் பெண்ணுக்கு வென்றவர்கள் வீட்டில் பூஜை என்பது சாதாரண விஷயம் இல்லை. இந்தக் கதையை மாமியாரிடம் சொல்லலாமா வேண்டாமா என்பது உங்கள் இஷ்டம். நான் சொல்லியிருப்பேன்.

அப்புறம், தமிழ்நாட்டில் அலமேலுகள் கணக்கில் தெரிவதைவிட அதிகம். பெயர் வைத்தாலும் கூப்பிட மாட்டார்கள் என்பதுதான் காரணம். மாமியார் பெயரை மருமகள் சொல்லக் கூடாது என்று இருந்த காலத்தில், பாட்டி பெயர் வைத்த குழந்தையை அம்மாவே பெயர் சொல்லி அதட்ட முடியாது. அதனால் பாப்பா, குட்டி, பட்டு என்று ஏதாவது ஒட்டிக்கொள்ளும். அதுவே நிலைத்துவிடும். கர்நாடக இசைப் பாடகி டி.கே. பட்டம்மாள் 1919-இல் காஞ்சிபுரத்தில் பிறந்தபோது அவருக்கு வைத்த பெயர் அலமேலு. வீட்டில் 'பட்டா' என்று கூப்பிட, உலகத்துக்கே பட்டம்மாள் ஆகிவிட்டார். அவர் வீட்டில் காரணம் வேறாக இருக்கலாம், ஆனால் செல்லப்பெயர் அலமேலுவை விழுங்கியது நம் வீடுகளில் பார்த்துப் பழகிய சங்கதிதான். பழைய வடிவத்தை விடாமல் வைத்துக்கொண்டவர் என்று பார்த்தால் பரதநாட்டியக் கலைஞர் அலர்மேல் வள்ளி. 2004-இல் பத்மபூஷண் வாங்கியவர். அந்தப் பெயரை மேடையில் அறிவிக்கும்போது யாரும் மாமி பெயர் என்று நினைப்பதில்லை என்பதைக் கவனியுங்கள்.

நாடகத்திலும் பத்திரிகைத் துணுக்குகளிலும் புருஷனை விரட்டும் மனைவிக்கு அலமேலு என்று பெயர் வைத்துப் பழக்கியதில்தான் இந்தப் பெயருக்குக் கிழட்டுத்தனம் வந்தது. கோமளம், அம்புஜம், பங்கஜம் எல்லாம் அதே வண்டியில் போனவைதான். அம்புஜமும் பங்கஜமும்கூடத் தாமரைதான், பாவம் தாமரைக்கு என்ன ஜாதகமோ.

இப்போது உங்கள் வேலைக்கு வருகிறேன். அலர்மேல்மங்கை என்று முழுசாக வைத்தால் தமிழில் அழகு. ஆங்கிலத்தில் எழுதும்போது முதல் ஐந்து எழுத்து 'அலாரம்' என்று நிற்கும். வகுப்பில் ஒரு பையன் கண்ணில் பட்டால் போதும். அலமேலுவில் அந்தத் தொல்லை இல்லை, அதிகபட்சம் 'அலமாரி' என்பார்கள், அதுவும் இரண்டாம் வகுப்போடு சலித்துவிடும். அலமேலுமங்கை என்று ஒரே சொல்லாகச் சான்றிதழில் எழுதிவிட்டு, வீட்டில் அலமு என்றோ வெளியே மங்கை என்றோ கூப்பிடுவது என் விருப்பம். கழன்ற பாதி திரும்ப ஒட்டிக்கொள்ளும், பிற்பாடு அவளுக்கு எது பிடிக்கிறதோ அதை வைத்துக்கொள்ளட்டும். ஆனால் இரண்டு சொல்லாகப் பிரித்து எழுதாதீர்கள். பாஸ்போர்ட் எடுக்கும்போது மங்கையைக் குடும்பப் பெயராக்கி, விமானச் சீட்டில் அவளை வெறும் மங்கை ஆக்கிவிடுவார்கள். அவசரமும் வேண்டாம். பிறப்பைப் பதிந்தபின் பெயரைச் சேர்க்க 12 மாதம் வரை கட்டணம் இல்லை.

நட்சத்திர எழுத்து பார்ப்போம் என்று ஜோசியர் யாராவது கிளம்பினால் அதற்கும் ஒரு பதில் வைத்திருக்கிறேன். அவர்கள் பட்டியலில் 'அ' கார்த்திகை நட்சத்திரத்துக்கு உரியது, அதிலும் முதல் பாதத்துக்கு. உங்கள் பெண் வேறு நட்சத்திரம் என்றால் இந்தப் பெயர் ஆகாது என்பார்கள். திருச்சானூர்த் தாயார் அவதரித்தது கார்த்திகை மாதம் வளர்பிறைப் பஞ்சமி, உத்திராட நட்சத்திரம் என்று அங்கே பஞ்சமி தீர்த்தம் கொண்டாடுகிறார்கள். உத்திராடத்துக்குப் பட்டியலில் இருப்பது பே, போ, ஜ, ஜி. அந்தக் கணக்குப்படி பார்த்தால் அலர்மேல்மங்கைக்கே அலர்மேல்மங்கை என்று பெயர் வைத்திருக்க முடியாது.